ஆட்டத்துக்கு இரண்டு பந்து

ஹொசே மொலினா அமெரிக்காவின் மேஜர் லீக் பேஸ்பாலில் கேட்சராக, அதாவது பேட்டருக்குப் பின்னால் குந்தியிருந்து பந்தைப் பிடிப்பவராக, பதினைந்து சீசன் ஆடினார். பேட்டிங் சராசரி .233, அதாவது ஆயிரத்துக்கு 233 முறைதான் அடி விழுந்தது. கிரிக்கெட் சிக்ஸர் மாதிரியான ஹோம் ரன் மொத்தம் 39. சியாட்டில் அணியின் கேல் ராலியும் கேட்சர்தான்; அவர் 2025-ல் ஒரே சீசனில் 60 அடித்தார். மொலினாவுக்கு ஓட்டமும் வராது. ரன் எடுக்க ஓடித் தொட வேண்டிய பேஸ்களில் ஒன்றிலிருந்து அடுத்ததுக்கு அவர் போவதைப் பார்த்தால் நமக்கு மூச்சு வாங்கும். கடைசி சீசனான 2014-ல் சராசரி .178, ஹோம் ரன் ஒன்றுகூட இல்லை. அப்போது வயது 39. வேறு எந்த இடத்தில் ஆடுபவராக இருந்தாலும் இந்தக் கணக்கை வைத்துக்கொண்டு நான்கைந்து வருடம் தாண்டியிருப்பதே கஷ்டம்.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. நியூயார்க்கின் பழைய யாங்கி ஸ்டேடியத்தில் 2008 செப்டம்பர் 21 அன்று கடைசி ஆட்டம் நடந்தது. 1923-ல் அந்த மைதானம் திறந்த அன்று அங்கே முதல் ஹோம் ரன் அடித்தவர் பேப் ரூத். கடைசி ஹோம் ரன் யார் பேரில் பதிவாகியிருக்கிறது தெரியுமா? டெரக் ஜீட்டர், அலெக்ஸ் ரோட்ரிகஸ் மாதிரி நட்சத்திரங்கள் ஆடிய யாங்கீஸ் அணியில், ஹொசே மொலினா பேரில். க்விஸ் நடத்துகிறவர்களுக்கு லட்டு மாதிரியான கேள்வி. எனக்கு அவர் நினைவில் நிற்பது வேறு காரணத்துக்காக. வேகமாக வரும் பந்தைப் பிடித்துவிட்டு, ஒன்றுமே நடக்காதது போல அப்படியே உட்கார்ந்திருப்பார். அவரை 39 வயதுவரை வைத்துக்கொள்ள அணிகள் போட்டது அந்தக் காரியத்துக்கான சம்பளம்தான். அது திறமையா, திருட்டா என்று என் வீட்டில் ஆரம்பித்த ஒரு வாக்குவாதம் இன்னும் எனக்குள் முடிந்தபாடில்லை.

ஆர்லிங்டன் ராத்திரி

நான் அப்போது டாம்பா பக்கம் குடியிருந்தேன். டாம்பா பே ரேஸ் அணியின் மைதானம் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில், பாலத்தைத் தாண்டினால் வந்துவிடும். மேலே கூரை, உள்ளே ஏசி, பாதி நாற்காலி காலி, டிக்கெட்டும் மலிவு. ஃப்ளோரிடாவில் சாயங்காலமானால் கொட்டும் மழைக்கு இதைவிட நல்ல ஒதுங்குமிடம் கிடையாது என்றுதான் போக ஆரம்பித்தேன். ஆட்டம் ஒட்டிக்கொண்டது. 2013 வசந்தத்தில் அப்பா ஊரிலிருந்து வந்து சில மாதம் எங்களோடு இருந்தார். திருநெல்வேலிப் பக்கம் லீக் மேட்ச்களில் பல வருடம் அம்பயராக நின்றவர். ஆட்டத்தைப் பார்க்கச் சொன்னால் ஆடுகிறவனைப் பார்க்க மாட்டார், அம்பயரைத்தான் பார்ப்பார். பேஸ்பாலை அவருக்கு விளக்க எனக்கு ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. பேட்டர் அடிக்காமல் விட்ட பந்து, அவர் பக்கத்தில் தரையில் பதித்திருக்கும் ஹோம் பிளேட்டின் அகலத்துக்குள், முட்டிக்கும் நெஞ்சுக்கும் நடுவில் வந்ததா என்று அம்பயர் சொல்ல வேண்டும். வந்திருந்தால் ஸ்ட்ரைக், இல்லாவிட்டால் பால். மூன்று ஸ்ட்ரைக் ஆனால் அவுட், நான்கு பால் ஆனால் சும்மாவே முதல் பேஸுக்கு நடக்கலாம். "அப்ப ஒவ்வொரு பந்துக்கும் ஒரு எல்பி சொல்லணும்னு சொல்லு. பாவம்ல அந்த மனுசன்" என்றார்.

ஏப்ரல் 8 அன்று டெக்சாஸ் ஆர்லிங்டனில் ரேஸ் ஆடிக்கொண்டிருந்தது. கடைசி இன்னிங்ஸ், இரண்டு அவுட், இன்னும் ஒன்று போனால் முடிந்தது, ஒரு ரன் பின்னால் நிற்கிறோம். பேட்டிங் பென் ஸோப்ரிஸ்ட். மூன்று பால், இரண்டு ஸ்ட்ரைக். பந்து போடும் பிட்ச்சர் ஜோ நேத்தன், வளைந்து இறங்கும் ஒரு கர்வ் போட்டார். அது தாழ்ந்து, வெளியே விலகிப் போயிற்று. ஸோப்ரிஸ்ட் நான்காவது பால் என்று முதல் பேஸுக்குக் கிளம்பப் போகிறார். அம்பயர் மார்ட்டி ஃபோஸ்டர் ஸ்ட்ரைக் என்று கையைத் தூக்கிவிட்டார். ஆட்டம் முடிந்தது, 5-4. ஜெயித்த பிட்ச்சரே வாயைப் பிளந்து "வாவ்" என்றது திரையில் தெளிவாகத் தெரிந்தது. அவருக்கு அது 300-வது சேவ், அதாவது கடைசியில் வந்து வெற்றியைக் கைவிடாமல் காத்த 300-வது ஆட்டம். அப்படி ஒரு மைல்கல் இப்படியா கிடைக்க வேண்டும் என்று அவருக்கே கூச்சமாக இருந்திருக்கும். ஆட்டம் முடிந்ததும் ஃபோஸ்டர், மறுபடி வாய்ப்புக் கிடைத்தால் அதை ஸ்ட்ரைக் என்று சொல்ல மாட்டேன் என்று ஒத்துக்கொண்டார்.

நான் கொதித்தேன். அப்பா அம்பயர் கட்சி. "தப்புன்னு வாய்விட்டுச் சொல்லிட்டான்லா, அது எவ்வளவு பெரிய காரியம் தெரியுமா?" நான் விடவில்லை, நம் பையனிடமிருந்து பிடுங்கிவிட்டார்கள், இது அநியாயம் என்றேன். அதற்கு முந்தைய வாரம்தான் நானே அவருக்கு ஹொசே மொலினாவின் பெருமையைச் சொல்லியிருந்தேன். வெளியே போகிற பந்தையும் ஸ்ட்ரைக் ஆக்கிவிடுவார்ப்பா, லீக்கிலேயே அவரை அடிக்க ஆள் இல்லை என்று. அதை அப்பா பிடித்துக்கொண்டார். "ஏல, அடுத்தவன் செஞ்சா அநியாயம். உங்க ஆளு அதையே தொழிலா வச்சிருக்கான், அதுக்குச் சம்பளம் வேறயா?" நான் ஏதோ சொல்லிச் சமாளித்தேன். பதில் நினைவில் இல்லை, கேள்விதான் இருக்கிறது.

கையுறைக்குப் பின்னால்

பிட்ச்சர் நிற்கும் இடத்திலிருந்து பிளேட்டுக்கு அறுபது அடி ஆறு அங்குலம். மணிக்கு 95 மைல் வேகத்தில் பந்து வந்து சேர ஏறக்குறைய 0.4 விநாடி. பிளேட்டின் அகலம் 17 அங்குலம். அம்பயர் இதையெல்லாம் கேட்சரின் முதுகுக்குப் பின்னால் குனிந்து, பேட்டருக்கும் கேட்சருக்கும் நடுவில் கிடைக்கிற இடுக்கு வழியாகப் பார்க்கிறார். பந்து பிளேட்டைக் கடக்கும் கணம்தான் விதிப்படி முக்கியம். கேட்சர் இருப்பதோ பிளேட்டுக்குப் பின்னால். அந்தச் சின்ன இடைவெளியில் கர்வ் மேலும் இறங்கும், ஸ்லைடர் மேலும் விலகும். கடக்கும் கணத்தில் ஸ்ட்ரைக்காக இருந்த பந்து கையுறையில் விழும்போது பால் மாதிரி இருக்கும். அம்பயரின் கண்ணில் கடைசியாகத் தங்குவது கையுறை நின்ற இடம். ஃப்ரேமிங் என்று சொல்லப்படும் வித்தை முழுக்க இந்தச் சில அங்குலத்தில்தான் நடக்கிறது.

மொலினா கனத்த சரீரி. உட்கார்ந்துவிட்டால் தலை அசையாது, தோள் அசையாது. முட்டிக்குக் கீழே வரும் பந்துக்குக் கையுறை முதலிலேயே இன்னும் கீழே போய்க் காத்திருக்கும். மேலே ஏறிக்கொண்டே பந்தைப் பிடிக்கும். ஓரத்தில் வரும் பந்துக்கு வெளிப்பக்கமிருந்து உள்ளே வரும். பிடித்த பிறகு இழுக்கவே மாட்டார். பிடித்துவிட்டு இழுப்பது கத்துக்குட்டிகளின் வேலை. அம்பயருக்கு அதைப் பார்த்தாலே எரிச்சல் வரும். மொலினாவின் அசைவு பந்து வந்து சேர்வதற்குள் முடிந்திருக்கும். மணிக்கட்டு தளர்வாக இருக்கும், அதனால் பந்தின் வேகம் கையை வெளியே தள்ளாது. பிடித்த இடத்தில் ஒரு கணம் நிறுத்துவார். அம்பயருக்கு முடிவுசெய்ய அவகாசம் கொடுக்கிற மாதிரி. கேட்டுப் பார்த்தால் சாதாரணமாக இருக்கிறது. தரையோடு குந்தி, முகமூடி போட்டு, வருவது நேர்ப்பந்தா கர்வா என்று தெரிந்தாலும் எந்த ஓரத்துக்கு வழுக்கும் என்று தெரியாமல், ஒரு ஆட்டத்தில் நூற்று நாற்பது முறை செய்ய வேண்டும். நடுவில் பேட்டின் நுனியில் பட்டுச் சிதறுகிற பந்து முகமூடியிலும் தொண்டையிலும் வந்து அடிக்கும். மொலினாவின் தம்பி யாடியருக்கு முன் செயின்ட் லூயிஸ் அணியின் கேட்சராக இருந்த மைக் மதேனி அப்படித் தலையில் பட்ட அடிகளாலேயே ஆட்டத்தை விட்டார்.

கேமரா வந்த பிறகு

மொலினாவின் முதல் பத்து வருடத்தை வேகமாகச் சொல்லிவிடலாம், ஏனென்றால் அந்தப் பத்து வருடமும் அவர் பெரும்பாலும் பெஞ்சில்தான் இருந்தார். 1999-ல் ஷிகாகோ கப்ஸ். பிறகு ஏஞ்சல்ஸ், அங்கே முதல் கேட்சர் சொந்த அண்ணன் பென்ஜி. அண்ணனுக்கு ஓய்வு கொடுக்கிற நாளில் தம்பி ஆடுவார். 2002-ல் இருவரும் சேர்ந்து, சாம்பியன் யார் என்று முடிவாகும் உலகத் தொடரை ஜெயித்தார்கள். 2007-ல் யாங்கீஸுக்கு வந்தார், அங்கே முதல் கேட்சர் ஹோர்ஹே பொசாடா.

2009 ப்ளேஆஃப் சமயத்தில் ஒரு சின்னப் பூசல் வெளியே வந்தது. பிட்ச்சர் ஏ.ஜே. பர்னெட் பந்து போடும் நாளில் மேனேஜர் ஜோ ஜிரார்டி, நன்றாக அடிக்கிற பொசாடாவை உட்காரவைத்துவிட்டு மொலினாவை இறக்கினார். பொசாடா வருத்தத்தை மறைக்கவில்லை. ஜிரார்டியும் முன்னாள் கேட்சர். எண் எதுவும் கையில் இல்லாத காலத்தில், அவருக்கு என்னவோ தெரிந்திருக்கிறது. உலகத் தொடரின் இரண்டாவது ஆட்டத்தில், முதல் ஆட்டம் தோற்ற நிலையில், பர்னெட் ஏழு இன்னிங்ஸ் போட்டு ஒரே ஒரு ரன் கொடுத்தார். முதல் பேஸில் கொஞ்சம் அசந்து நின்ற எதிரணியின் ஜேசன் வெர்த்தை மொலினா எறிந்து அவுட்டாக்கினார். ஏழாவது இன்னிங்ஸில் மொலினா அடிக்க வேண்டிய முறை வந்ததும் அவரை எடுத்துவிட்டு பொசாடாவை அனுப்பினார்கள். அவர் அடித்து ஒரு ரன் வந்தது. பிடிக்க ஒருவர், அடிக்க ஒருவர். இவ்வளவு அப்பட்டமான வேலைப் பிரிவினையை நான் வேறு எங்கும் பார்த்ததில்லை.

எல்லாம் மாறியது 2011 செப்டம்பரில். 2008-க்குள் எல்லா மைதானங்களிலும் ஒவ்வொரு பந்தின் பாதையையும் பதிவுசெய்யும் கேமராக்கள் வந்துவிட்டன. மைக் ஃபாஸ்ட் என்ற ஆய்வாளர், எந்தக் கேட்சர் பிடித்தால் எந்தப் பந்துக்கு ஸ்ட்ரைக் கிடைக்கிறது என்று கணக்குப் போட்டு பேஸ்பால் ப்ராஸ்பெக்டஸ் தளத்தில் வெளியிட்டார். பட்டியலின் உச்சியில் ஹொசே மொலினா. முழுநேரக் கேட்சராக 120 ஆட்டம் ஆடினால் ஃப்ரேமிங்கால் மட்டும் 35 ரன் அணிக்கு மிச்சம். பத்து ரன்னுக்கு ஒரு வெற்றி என்பது அந்த ஊர்க் கணக்கு. அப்படியானால் மூன்றரை வெற்றி. ஒரு பால் ஸ்ட்ரைக்காக மாறினால் ஏறக்குறைய 0.13 ரன். திருப்பி வகுத்துப் பார்த்தால், ஆட்டத்துக்கு இரண்டு பந்து சொச்சம். நூற்று நாற்பதில் இரண்டு. பத்தாயிரக்கணக்கில் மைதானத்துக்கு வந்து உட்கார்ந்திருந்த ஜனங்களில் ஒருவர் கண்ணிலும் அது படவில்லை. பட்டியலின் அடியில் இருந்த ரயன் டூமிட் நன்றாக பேட் செய்பவர். அடித்துக் கொண்டுவந்ததில் பெரும் பங்கைக் கையுறை வழியாகக் கொட்டிக்கொண்டிருந்தார் என்பதும் அப்போதுதான் தெரிந்தது.

இரண்டே மாதத்தில் ரேஸ் அணி மொலினாவைத் தூக்கிக்கொண்டது. முதல் வருடச் சம்பளம் 15 லட்சம் டாலர். நமக்குப் பெரிய தொகை. அந்தச் சந்தையில் மூன்றரை வெற்றிக்கு ஒரு பேட்டருக்குக் கொடுப்பதில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. 37 வயதில், தன் வாழ்க்கையிலேயே அதிகமாக, 102 ஆட்டம் ஆடினார். அந்த 2012-ல் ரேஸ் பிட்ச்சர்கள் விட்டுக்கொடுத்த ரன், மேஜர் லீக்கின் ஒரு பாதியான அமெரிக்கன் லீக்கிலேயே குறைவு. அவர்களில் டேவிட் பிரைஸுக்கு, சிறந்த பிட்ச்சருக்கான சை யங் விருது. எல்லாம் மொலினாவால்தான் என்று சொன்னால் பிட்ச்சர்கள் அடிக்க வருவார்கள். ஆனால் அந்தப் பந்துகளில் பலவும் வந்து நின்றது அவர் கையில்தான்.

பிளேட்டுக்குப் பின்னால் ஒரு ஞாயிறு

கோடையில் அப்பாவை ட்ராப்பிகானா ஃபீல்டுக்கு அழைத்துக்கொண்டு போனேன். ஞாயிறு மதியம், கூட்டம் குறைவு. கொஞ்சம் கூடச் செலவழித்து பிளேட்டுக்கு நேர் பின்னால், வலைக்கு அருகே இடம் வாங்கியிருந்தேன். அப்பாவின் நோக்கம் தெளிவு: மொலினா திருடுவதை நேரில் பிடிப்பது. நான் போனில் ஆட்டத்தின் ஆப்பைத் திறந்து வைத்துக்கொண்டேன். ஒவ்வொரு பந்தும் எங்கே கடந்தது என்று சில விநாடியில் சதுரத்துக்குள் ஒரு புள்ளி விழும். அப்பா பார்ப்பார், சொல்வார், நான் புள்ளியைப் பார்த்துச் சரியா தப்பா என்பேன்.

முதல் மூன்று இன்னிங்ஸ் அப்பாவால் எதையும் பிடிக்க முடியவில்லை. "ஒண்ணுமே செய்ய மாட்டேங்கானே" என்றார். ஒரு பந்து மட்டும் சதுரத்துக்கு ஒரு விரல் வெளியே, ஸ்ட்ரைக் கிடைத்தது. அதையும் அப்பா உள்ளே என்றுதான் சொல்லியிருந்தார். புள்ளியைக் காட்டினேன். ஒத்துக்கொள்ளாமல் போனை வாங்கி, கண்ணாடியைத் தூக்கி வைத்துக்கொண்டு பார்த்தார். பிறகு நடந்ததுதான் எனக்கு முக்கியம். எதிரணிக் கேட்சர் பிடிக்கும்போது, தாழ்வாக வந்த ஒரு பந்தை மேலிருந்து கையை வீசிப் பிடித்தார். கையுறை பந்தோடு சேர்ந்து தரைப்பக்கம் போயிற்று. அம்பயர் அசையவில்லை, பால். புள்ளி சதுரத்துக்குள்ளே விழுந்திருந்தது, கோட்டில்கூட இல்லை, நன்றாக உள்ளே. அடுத்த இன்னிங்ஸில் இன்னொன்று. அப்பா நாற்காலியில் முன்னால் நகர்ந்து உட்கார்ந்தார். "இங்க பாரு, திருட்டு அங்கதான் நடக்கு. நல்ல பந்தை அந்தப் பய கெடுத்துப்போடுதான். நம்ம ஆளு கெடுக்காம குடுக்கான். அவ்வளவுதான் வித்தியாசம்." அதன் பிறகு ஆட்டம் முழுக்க அவர் பார்த்தது எதிரணிக் கேட்சரைத்தான். அவனால் அம்பயருக்குக் கெட்ட பெயர் வருகிறதே என்ற கோபத்தில்.

எனக்கு அங்கேதான் கேள்வி திரும்பியது. ஃப்ரேமிங் என்றால் பாலை ஸ்ட்ரைக் ஆக்குவது என்று எல்லோரும் எழுதுகிறார்கள், வீடியோ போடுகிறார்கள். கிளுகிளுப்பு அதில்தான் இருக்கிறது. ஆனால் அந்த இரண்டு பந்தில் ஒரு நல்ல பங்கு, ஸ்ட்ரைக்கை ஸ்ட்ரைக்காகவே அம்பயரிடம் ஒப்படைப்பது. பிட்ச்சர் சம்பாதித்ததைச் சிந்தாமல் கொண்டுபோய்ச் சேர்ப்பது. அதைத் திருட்டு என்று எந்த வாயால் சொல்வது? அதற்காக மீதிப் பங்கு இல்லை என்று ஆகிவிடாது. அந்த ஒரு விரல் வெளியே போன பந்து ஒரு பேட்டருக்கு உரியது, அது அவருக்குக் கிடைக்கவில்லை. ஒரே கை, ஒரே அசைவு, அதில் பாதி நியாயம் பாதி களவு என்றால் கூலியை எப்படிப் பிரிப்பது என்று எனக்குத் தெரியவில்லை. அப்பாவுக்கு அந்தக் குழப்பமே இல்லை. அம்பயரை ஏமாற்ற முடிகிறதென்றால் அது அம்பயர் பாடு, ஆனால் அம்பயருக்கு உதவாதவன் கேட்சரே இல்லை என்று ஊர் போய்ச் சேரும்வரை சொல்லிக்கொண்டிருந்தார்.

விதிப்புத்தகமும் தலையைத் தட்டுவதும்

மொலினா சகோதரர்கள் மூன்று பேர்: பென்ஜி, ஹொசே, யாடியர். மூவரும் கேட்சர், மூவரிடமும் உலகத் தொடர் மோதிரம் உண்டு. பியூர்ட்டோ ரிக்கோவில் அவர்களின் அப்பா பெஞ்சமின் ஒரு தொழிற்சாலைத் தொழிலாளி. வேலை முடிந்ததும் மைதானத்தில் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தவர். 2008 அக்டோபரில் அதே மாதிரி பிள்ளைகளைப் பயிற்றுவிக்கும் மைதானத்திலேயே மாரடைப்பில் இறந்தார். ஹொசே யாங்கி ஸ்டேடியத்தின் கடைசி ஹோம் ரன்னை அடித்து மூன்று வாரம்தான் ஆகியிருந்தது. அப்போது பெஞ்சமினின் பையில் இருந்தவை ஒரு விதிப்புத்தகம், ஒரு அளவு நாடா, ஒரு லாட்டரிச் சீட்டு என்று பென்ஜி பிற்பாடு சொல்லியிருக்கிறார். ஃப்ரேமிங்கை ஏமாற்று வேலை என்பவர்களோடு வாதாடும்போது இந்த விதிப்புத்தகத்தை இழுக்க எனக்கு ஆசை வரும். இழுப்பதில்லை. அது அந்தக் குடும்பத்தின் விஷயம், என் வாதத்துக்குச் சாட்சி இல்லை.

கண்டுபிடிக்கப்பட்ட பிறகு மொலினாவின் வித்தை மலிந்துவிட்டது. எல்லா அணியும் சொல்லிக்கொடுக்க ஆரம்பித்தது. இன்றைக்கு ஒரு முட்டியைத் தரையில் ஊன்றாத கேட்சரைப் பார்ப்பதே அபூர்வம்; தாழ்வான பந்தை அடியிலிருந்து எடுக்க அதுதான் வசதி. மோசமான ஃப்ரேமர்கள் லீக்கிலிருந்தே காணாமல் போனார்கள். அம்பயர்களும் கேமரா தங்களுக்கு மதிப்பெண் போடுகிறது என்று தெரிந்து துல்லியமானார்கள். முதல் ஆளுக்கும் கடைசி ஆளுக்கும் இடைவெளி சுருங்கிவிட்டது. மொலினா 2014 முடிந்ததும் ரேஸால் விடுவிக்கப்பட்டார். பிறகு ஏஞ்சல்ஸ் அணியில் கேட்சர்களுக்குப் பயிற்சியாளராகப் போனார்.

இப்போது இயந்திரம் வந்துவிட்டது. 2026 சீசனிலிருந்து அம்பயரின் முடிவை பேட்டரோ பிட்ச்சரோ கேட்சரோ தலையைத் தட்டி மறுக்கலாம். அணிக்கு இரண்டு வாய்ப்பு, சரியாகக் கேட்டால் வாய்ப்பு கைவிட்டுப் போகாது. அணி உட்கார்ந்திருக்கும் டக்அவுட்டைப் பார்த்துக் கேட்கக் கூடாது, அந்த நிமிடமே முடிவெடுக்க வேண்டும். பேட்டரின் உயரத்தில் 27 சதவீதத்திலிருந்து 53.5 சதவீதம்வரை, 17 அங்குல அகலம். அதுதான் எல்லை, அதில் கெஞ்சலுக்கு இடமில்லை. 2025-ல் நட்சத்திர வீரர்கள் மட்டும் ஆடும் ஆல்-ஸ்டார் ஆட்டத்தில் இதைச் சோதித்தார்கள். பிட்ச்சர் டாரிக் ஸ்கூபல் மேனி மச்சாடோவுக்குப் போட்ட பந்தை அம்பயர் பால் என்றார். பிளேட்டுக்குப் பின்னால் இருந்த கேல் ராலி உடனே தலையைத் தட்டினார். திரையில் பார்த்தால் ஸ்ட்ரைக். மச்சாடோ அவுட்.

முழுக்க முழுக்க இயந்திரமே முடிவு சொல்லும் முறையைக் கொண்டுவராமல் இதோடு நிறுத்தியதில் எனக்குச் சந்தோஷம். அப்படிக் கொண்டுவந்திருந்தால் பந்தை எப்படிப் பிடித்தால் என்ன என்று ஆகிவிடும். அடிக்கத் தெரிந்த எவனையும் பிளேட்டுக்குப் பின்னால் உட்காரவைத்துவிடுவார்கள். இந்த அரைகுறை முறையில் நூற்று நாற்பது பந்தில் பெரும்பாலானவற்றை இன்னும் அம்பயரே சொல்கிறார். அப்படியானால் அம்பயருக்கு உதவுகிற கைக்கு இன்னும் வேலை இருக்கிறது. போதாததற்கு, எதை மறுப்பது எதை விடுவது என்று அணிக்காகத் தீர்மானிக்க மைதானத்திலேயே பொருத்தமான ஆள் கேட்சர்தான். பிட்ச்சர்களை நம்ப முடியாது, அவர்களுக்குத் தாங்கள் போட்டதெல்லாம் ஸ்ட்ரைக். வெளியே போன பந்தை உள்ளே காட்டிய கேட்சருக்கு அது வெளியே என்று தெரியும். பேட்டர் தலையைத் தட்டுவானோ என்று ஒரு விநாடி உள்ளுக்குள் உதறும். அந்த உதறல் இருக்கட்டும், நல்லதுதான். .233 அடிக்கிற, ஓட முடியாத, 37 வயதுக் கேட்சருக்கு இனி எந்த அணியாவது 15 லட்சம் கொடுக்குமா என்று யோசித்துப் பார்த்தேன். கொடுக்கும் என்றுதான் படுகிறது. இந்த முறை பேரம் பேசாமல் கொஞ்சம் கூடவே கொடுக்கலாம்.